தஞ்சோங் பகார் பழைய ஆட்கள் யாராவது இருக்கிறீர்களா?

வணக்கம். 1965-க்கு முன் சிங்கப்பூர் தஞ்சோங் பகாரில் இருந்த தமிழ்க் குடும்பங்களின் அன்றாட வாழ்க்கையை எழுதி வைக்கலாம் என்று இறங்கியிருக்கிறேன். எங்கள் தாத்தா துறைமுகத்தை நடத்திய ஹார்பர் போர்டில் மூட்டை இறக்கியவர். 1964-இல் அது பிஎஸ்ஏ (சிங்கப்பூர்த் துறைமுக ஆணையம்) ஆவதற்கு முன்பே வேலையை விட்டுவிட்டார்.

1955 வேலைநிறுத்தம், 1959 தேர்தல் என்று ஆரம்பித்தால் பெரியவர்கள் மணிக்கணக்கில் பேசுகிறார்கள். மத்தியானம் என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்டால் மட்டும், "அதெல்லாம் எதுக்குப்பா" என்று சிரிக்கிறார்கள். எனக்கு வேண்டியதே அதுதான்!

முக்கியமாக, மசாலா அரைத்து விற்ற கடையநல்லூர்ப் பெண்களைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டும். மீனா, கறியா என்று கேட்டு, மிளகாய், மல்லி, மஞ்சள் விழுதுகளை அதற்கேற்பக் கிள்ளி இலையில் வைத்துக் கொடுப்பார்களாம், பாட்டி சொல்வார். நின்று அரைத்தார்களா, உட்கார்ந்தா? விடிய எத்தனை மணிக்குத் தொடங்குவார்கள்? கை எரிச்சலுக்கு என்ன தடவினார்கள்? அந்த அம்மி யார் வீட்டிலாவது இன்னும் கிடக்கிறதா? வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீட்டுக்கு மாறும்போது பலர் போட்டுவிட்டு வந்திருப்பார்கள், தெரியும். இருந்தாலும் கேட்டு வைக்கிறேன்.

அப்புறம், உமறுப் புலவர் தமிழ்ப் பள்ளியில் படித்தவர்கள், துறைமுகத்தில் கூலி எப்படிப் பட்டுவாடா ஆனது என்று தெரிந்தவர்கள் இருந்தாலும் சொல்லுங்கள். பழைய படம், வேலை அட்டை இருந்தால் வீட்டுக்கே வந்து அங்கேயே படமெடுத்துக்கொள்கிறேன், எதையும் எடுத்துப்போக மாட்டேன். சனி, ஞாயிறு எனக்கு வசதி. தனிச்செய்தி அனுப்புங்கள். இங்கே வராத அத்தை, மாமா யாராவது இருந்தால் அவர்களிடமும் ஒரு வார்த்தை கேட்டுச் சொல்லுங்கள்.