காப்பியாவா, ஜிப்சியா: எதை வைத்துப் பிரிப்பது?

கேள்வி: தாவர மரபணுத்தொகுதியில் 5 கிலோபேஸ் (5,000 டிஎன்ஏ எழுத்து) அளவுள்ள ஒரு துண்டு, இரு முனையிலும் எல்டிஆர் (ஒரே மாதிரியான நீண்ட தொடர்) இருக்கிறது. வரிசை ஒப்பிடும் கருவியான பிளாஸ்டில் சூடோவிரிடே (காப்பியா வகை), மெட்டாவிரிடே (ஜிப்சி வகை) என்ற இரு வைரஸ் குடும்பங்களுமே வருகின்றன. இது எந்தக் குடும்பம்? என்வ் மரபணு (வைரஸின் வெளியுறைப் புரதத்துக்கானது) இல்லாததை வைரஸ் என்பது சரியா?

பதில் 1: நொதிகளுக்கான போல் பகுதியில் இன்டெக்ரேஸ் (டிஎன்ஏ-வை மரபணுத்தொகுதியில் செருகும் நொதி) எங்கே உட்கார்ந்திருக்கிறது என்று முதலில் பாருங்கள். புரோட்டியேஸ் (புரதத்தை வெட்டும் நொதி) முடிந்ததும், ரிவர்ஸ் டிரான்ஸ்கிரிப்டேஸுக்கு (ஆர்என்ஏ-வை டிஎன்ஏ-வாக நகலெடுக்கும் நொதி) முன்னால் வந்தால் சூடோவிரிடே (ஈஸ்டின் டிஒய்1, காப்பியா). ஆர்என்ஏஸ் எச்-க்கு (ஆர்என்ஏ-வைச் சிதைக்கும் நொதி) பின்னால், கடைசியில் வந்தால் மெட்டாவிரிடே (ஈஸ்டின் டிஒய்3, ஜிப்சி). பெல்பாவோவிரிடே என்ற இன்னொரு குடும்பத்திலும் இன்டெக்ரேஸ் கடைசியில்தான். ஆனால் அவை விலங்குகளில் காணப்படுபவை, உங்களுக்கு அந்தக் கவலை வேண்டாம். கடைசி முடிவை ரிவர்ஸ் டிரான்ஸ்கிரிப்டேஸ் புரத வரிசையின் மரவரைபடத்தில் எடுங்கள். பிளாஸ்ட் மதிப்பெண்ணை மட்டும் நம்பாதீர்கள்.

பதில் 2: இரண்டும் வருகிறதென்றால் ஒன்றுக்குள் இன்னொன்று செருகியிருக்கலாம், தாவரங்களில் இது சர்வசாதாரணம். எல்டிஆர் டிஜி-யில் தொடங்கி சிஏ-யில் முடிகிறதா? வெளியே இருபுறமும் ஒரே 5 எழுத்து (சிலவற்றில் 4 அல்லது 6) திரும்ப வருகிறதா? இடது எல்டிஆரை ஒட்டி டிஆர்என்ஏ பிணையும் இடம் (நகலெடுப்பு தொடங்குமிடம்), வலது எல்டிஆருக்கு முன் பியூரின் தொடர் (ஏ, ஜி எழுத்துகள் மட்டும் வரும் பகுதி) உண்டா? நடுவில் இன்னொரு எல்டிஆர் ஜோடி தென்பட்டால் அதை வெட்டியெடுத்துவிட்டு மீதியை ஒட்டிப் பாருங்கள்.

பதில் 3: என்வ் கட்டாயமில்லை. டிஒய்1 செல்லுக்குள்ளேயே வைரஸ் போன்ற துகளைக் கட்டுகிறது, வெளியே போவதில்லை. இவையெல்லாம் ரெட்ரோவைரஸ்களோடு ஆர்டெர்வைரேல்ஸ் வரிசையில் வருகின்றன. டிரோசோபிலா என்ற பழ ஈயின் ஜிப்சிக்கு என்வ் உண்டு. அதற்காக அதை ரெட்ரோவிரிடேயில் (ரெட்ரோவைரஸ் குடும்பம்) சேர்ப்பதில்லை.