அடுக்கில் மாறி உள்ள கோவையைச் சுருக்கும்போது விடையில் மாறி ஏன் இல்லை?

கேள்வி:
வணக்கம். ஒன்பதாம் வகுப்பில் படிக்கும் என் மகளின் பயிற்சித்தாளில் உள்ள ஒரு கணக்குக்கு விளக்கம் வேண்டுகிறேன். அடுக்கை மேலேற்றித் தட்டச்சு செய்ய இயலாததால், ^ குறிக்குப் பின் வருவதை அடுக்காகவும், ‘ம’ என்பதை முழு எண் மாறியாகவும் கொள்ளவும்.

[3^(ம+3) − 6 × 3^(ம+1)] ÷ [9 × 3^(ம−1)]

ம = 1 எனப் பிரதியிட்டால் 27 ÷ 9 = 3 கிடைக்கிறது; ம = 2 என்றால் 81 ÷ 27, மீண்டும் 3. மூன்று இடங்களில் வரும் மாறி விடையில் எப்படி இல்லாமல் போகிறது? தொகுதியில் கழித்தல் இருப்பதால் அடுக்குகளைக் கழித்து 3^2 என எழுதலாமா என்றும் மகள் கேட்கிறாள்.

மறுமொழி 1:
அவ்வாறு எழுதக் கூடாது. அடிமானம் ஒன்றாக இருக்கும்போது பெருக்கலில் அடுக்குகளைக் கூட்டுகிறோம், வகுத்தலில் கழிக்கிறோம். உறுப்புகளையே கூட்டவோ கழிக்கவோ வேண்டிய இடத்தில் அந்த விதிகளுக்கு வேலையில்லை, பொதுக்காரணியை வெளியே எடுப்பதுதான் வழி. இங்கே மிகச் சிறிய அடுக்கு ம−1 என்பதால் எல்லாவற்றையும் 3^(ம−1) கொண்டு எழுதுங்கள். 3^(ம+3) என்பது 81 × 3^(ம−1). 6 × 3^(ம+1) என்பது 6 × 9 × 3^(ம−1), அதாவது 54 × 3^(ம−1). எனவே தொகுதி 27 × 3^(ம−1), பகுதி 9 × 3^(ம−1). 3^(ம−1) ஒருபோதும் பூச்சியம் ஆகாததால் அதைத் தயங்காமல் நீக்கலாம், விடை 3.

மறுமொழி 2:
மேலே உள்ள வழிமுறை சரி. 6 × 3^(ம+1) என்பதை 18^(ம+1) என்று எழுதிவிடும் பழக்கம் மாணவர்களிடம் மிகுதி; ம = 1 என்றால் முன்னது 54, பின்னது 324.

ஆனால் எண்ணைப் பிரதியிட்டுச் சரிபார்ப்பதை மட்டும் நம்பிவிட வேண்டாம். (3^ம)^ம என்பது 3^(ம×ம); 3^ம × 3^ம என்பது 3^(2ம). இரண்டும் வேறு வேறு கோவைகள் என்றாலும் ம = 2 எனப் போட்டால் இரண்டுக்குமே 81 வந்து ஏமாற்றிவிடும். ம = 3 எனப் போட்ட பிறகுதான் 19683, 729 என வேறுபாடு வெளிப்படும். பிரதியிடல் பிழையைக் கண்டுபிடிக்க உதவும், நிரூபணம் ஆகாது.

கேள்வி கேட்டவர்:
மிக்க நன்றி. அப்படியானால் மாறி எப்போது விடையில் தங்கும்?

மறுமொழி 3:
ம ஒன்று கூடும்போது உங்கள் கணக்கின் தொகுதியும் பகுதியும் தலா 3 மடங்காகின்றன. அதனால் ஈவு மாறுவதில்லை. பகுதியை 9 × 3^(2ம−1) என்று மாற்றினால், அது ஒவ்வொரு முறையும் 9 மடங்காகும், தொகுதியோ 3 மடங்கே ஆகும். அப்போது 3^(ம−1) ÷ 3^(2ம−1) = 3^(−ம) என்பதால் விடை 3 × 3^(−ம), அதாவது 3^(1−ம). ம = 2 எனில் 81 ÷ 243, மூன்றில் ஒரு பங்கு.