18 நிமிடக் குறும்படம், கடைசியில் இசை ஒரு விநாடி பிந்துகிறது

வெள்ளவத்தைக்காரன்:
வணக்கம். மூன்று பேர் கைக்காசில் எடுத்த குறும்படம். எடிட்டிங்கும் விஎப்எக்ஸும் (கணினியில் செய்யும் காட்சி வித்தைகள்) நான், இசை கொட்டாஞ்சேனை நண்பன். அவன் அனுப்பிய இசையை டைம்லைனில் வைத்தால் தொடக்கம் சரி, நடுவில் அரை விநாடி பிந்துகிறது, கடைசியில் அம்மா கதவைச் சாத்தும்போது விழவேண்டிய மிருதங்க அடி, அவர் சாத்திவிட்டுத் திரும்பிய பிறகு விழுகிறது. பார்த்தவர்கள் சிரித்துவிட்டார்கள். படம் விநாடிக்கு 24 பிரேம். விஎப்எக்ஸ் முடிந்ததும் முழுப் படத்தையும் பிஎன்ஜி தொடராக, அதாவது ஒரு பிரேமுக்கு ஒரு படக்கோப்பாக எடுத்து, இன்னொரு மென்பொருளில் சேர்த்து, சத்தமில்லாமல்தான் அவனுக்குக் கொடுத்தேன். பிழை என்னுடையதாம்.

இன்னொன்று, ரயில் பாதையோரக் காட்சியில் கடலுக்கு மேல் மேகம் வைத்தேன். பிளெண்டர் என்ற 3டி மென்பொருளில், காட்சியில் புள்ளிகள் வைத்துக் கமராவின் அசைவை டிராக் பண்ணியும் மேகம் ஆடுகிறது.

பழைய மிக்ஸர்:
நண்பர் சொல்வது சரி தம்பி. பிஎன்ஜி தொடரில் நேரம் கிடையாது, எண் போட்ட படங்கள் மட்டும்தான். விநாடிக்கு எத்தனை என்று நீங்கள் சொல்லாவிட்டால் மென்பொருள் தானே முடிவுசெய்யும், உங்களுடையது 23.976 என்று எடுத்திருக்கும். 25,920 பிரேம் 24-இல் 1080 விநாடி, 23.976-இல் 1081.08. நண்பர் அந்த நீண்ட பிரதிக்குத்தான் வாசித்திருக்கிறார், அந்த ஒரு விநாடி இதுதான்.

நண்பரைத் திரும்ப வாசிக்க வைக்காதீர்கள். இசையின் வேகத்தை 100.1 சதவீதம் ஆக்குங்கள், ஆனால் சுருதியைக் காப்பாற்றும் டைம் ஸ்ட்ரெட்ச் வேண்டாம், அது மிருதங்க அடியின் முனையை மழுக்கிவிடும். சும்மா வேகத்தைக் கூட்டினால் சுருதி ஏறுவது இரண்டு சென்ட்கூட இல்லை, அதாவது அரைச்சுரத்தில் ஐம்பதில் ஒரு பங்குக்கும் குறைவு. ஒருவருக்கும் தெரியாது.

கீபோட் அக்கா:
சத்தமில்லாத பிரதியை ஏன் கொடுத்தீர்கள்? வசனம் இருந்திருந்தால் வாயசைவு பிசகுவதை அவர் முதல் நாளே கண்டிருப்பார். வசனத்துக்கு இடம் விட்டு எழுதுவதும் அதைக் கேட்டால்தானே முடியும். அடுத்த முறை படம் தொடங்க 2 விநாடிக்கு முன் ஒரு பிரேம் நீளத்துக்கு ஒரு பீப், படம் முடிந்து 2 விநாடியில் இன்னொன்று வையுங்கள். பின் பீப் இடம் மாறியிருந்தால் ஐந்து நிமிடத்தில் விஷயம் தெரிந்துவிடும். நானும் இரண்டு வாரம் வீணாக்கிப் படித்ததுதான்.

மொறட்டுவையான்:
மேகத்துக்குப் பதில்: டிராக் புள்ளிகளை அலையில் வைத்தீர்களா? அலை நகரும், அது கமராவின் அசைவு என்று மென்பொருள் நம்பிவிடும். தண்டவாளத்துக் கற்களிலும் கம்பங்களிலும் மட்டும் வையுங்கள். பிளெண்டர் கணக்கைத் தொடங்க எடுக்கும் இரண்டு பிரேம்களிலும் (கீபிரேம்) தெரியும் புள்ளிகள் குறைந்தது 8 வேண்டும், நான் 20 வைப்பேன்.

வெள்ளவத்தைக்காரன்:
ஓம், 23.976 தான் அண்ணா. அடி இப்போது கதவோடு விழுகிறது. அலையில்தான் வைத்திருந்தேன், ஆறு புள்ளி. இன்றிரவு கற்களில் வைத்துப் பார்க்கிறேன். நண்பனுக்கு ஒரு கொத்து ரொட்டி வாங்கிக் கொடுக்கவேண்டும்.