பொருட்காட்சி ராட்டினப் பையன்கள் வேலையில் நிலைக்காமல் ஓடிவிடுவது ஏன்?

மைதானம்_40:
ஜெயின்ட் வீல், கொலம்பஸ், பிரேக் டான்ஸ். மூன்று ராட்டினத்துக்கும் 14 பேர், பாதிப் பேர் பீகார். ஓர் ஊரில் 40 நாள். சம்பளப் பாக்கி கிடையாது. ஆனாலும் புதுப் பையன்கள் பேச்சைக் குறைத்துக்கொண்டே வந்து, ஒருநாள் சொல்லாமல் கிளம்பிவிடுகிறார்கள். வேறு எதைக் கவனிக்க வேண்டும்?

கிரீஸ்கை:
நேரத்தைப் பாருங்கள். ஆட்டம் முடிய 10.30, கணக்கு, சாப்பாடு முடிய 12.30. பையன்களின் சொந்த ஊரில் எல்லாரும் தூங்கியிருப்பார்கள். ஜெனரேட்டரும் நின்றிருக்கும், போனில் சார்ஜ் இருக்காது. கிரீஸ், போல்ட் வேலையைக் காலை 9 முதல் 11க்குள் முடித்துவிட்டு, அடுத்த ஒரு மணி நேரத்தைப் போனுக்கு விடுங்கள். நான்கு பேருக்கு ஒரு பவர் பேங்க் வாங்கினால் போதும். அதில் 20,000 mAh என்று போட்டிருந்தாலும் போனுக்கு வருவது 12,000 சொச்சம்தான், இரண்டு போனுக்கு மேல் தாங்காது; முறை வைத்துக்கொள்ளட்டும். இன்னொன்று, 28 நாள் ரீசார்ஜ் உங்கள் 40 நாள் முகாமின் நடுவில் தீரும். சில நாளில் இன்கமிங்கும் நின்றுவிடும். பையன்கள் ஓடிய தேதியை இதோடு ஒட்டிப் பாருங்கள்.

தகரக்கொட்டகை:
ஆளை ஒற்றையாக எடுக்காதீர்கள். ஒரே ஊர்க்காரர் இருவரை ஒரே ராட்டினத்தில் போடுங்கள், ஒருவர் கேட்டில், ஒருவர் உள்ளே. ராத்திரிக்கு ரொட்டியும் வேண்டும். தினமும் சோறு என்றால் அவர்கள் தனி அடுப்பு மூட்டுவார்கள், டீம் இரண்டாகும்.
மழை நாள்தான் மோசம். ராட்டினம் ஓடாது, கூலி இல்லை, தார்ப்பாய்க்குள் பாட்டில் திறக்கும். அரைக்கூலியாவது கொடுங்கள். பீகார்க்காரர்களின் பெரிய பண்டிகையான சத் பூஜை தீபாவளிக்கு ஆறாம் நாள், இங்கே வடகிழக்குப் பருவமழை. எப்படியும் கூட்டம் வராது, ஊருக்கு அனுப்பிவிடுங்கள். ரயில் முன்பதிவு 60 நாளுக்கு முன்பே திறக்கும், அன்றே போட வேண்டும்.

பேட்டரி_அண்ணன்:
மேலே சொன்னதெல்லாம் சரி, ஆனால் ஆதாரை மேனேஜர் பெட்டியில் பூட்டி வைத்தால் எதுவும் எடுபடாது. திருப்பிக் கொடுங்கள்.
இரண்டு ராத்திரி தூங்காதவனை வீலின் ஸ்விட்ச், பிரேக் பக்கம் உட்காரவைக்கக் கூடாது. டிக்கெட் கவுண்டருக்கு மாற்றுங்கள். சாப்பாட்டை ஒதுக்குகிறான், வாழ்ந்து என்ன பயன் என்கிறான் என்றால் தனியாகப் படுக்க விடாதீர்கள், தனியாக ரயிலும் ஏற்றாதீர்கள். அரசின் மனநல உதவி எண்ணான டெலி மானஸ் 14416. இலவசம், 24 மணி நேரமும் எடுப்பார்கள், இந்தியிலும் பேசலாம். எண்ணை வருகைப் பதிவு போடும் டைம் ஆபீஸில் ஒட்டாமல், யார் கண்ணிலும் படாமல் குறித்துக்கொள்ளக் குளிக்கும் தொட்டிப் பக்கம் ஒட்டுங்கள்.