இடம் மாற்றப்பட்ட ஆட்டக்காரனுக்குக் குரேக்கின் கதையைச் சொல்லலாமா?

கேள்வி: தேரிக்காட்டு மாமன்

அனைவருக்கும் வணக்கம். திசையன்விளைப் பக்கம் தேரிமணல் தொடங்கும் ஒரு சிற்றூரிலிருந்து எழுதுகிறேன். என் அக்காள் மகனுக்கு வயது 19. கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படிக்கிறான். எங்கள் பக்கத்தில் கோயில் கொடையையொட்டி நடக்கும் மின்னொளிக் கைப்பந்துப் போட்டிகளில் நான்கு ஆண்டுகளாக நாலாம் இடத்தில், அதாவது முன்வரிசையின் இடப்பக்கத்தில், நின்று அடித்து வருகிறான். சென்ற மாதம் நடந்த ஒரு தேர்வில் அவனைச் சேர்க்கவில்லை. முதல் பாஸ், அதாவது எதிரணியின் சர்வீஸை எடுத்துக் கொடுப்பது, சரியில்லை, எதிரணி சர்வீஸ் முழுவதையும் அவன்மேலேயே போடுகிறது என்று காரணம் சொன்னார்களாம். கல்லூரிப் பயிற்சியாளர் அவனை அழைத்து, இனி வலப்பக்கத்தில் யுனிவர்சலாக ஆடு, பாஸ் எடுக்க வேண்டாம் என்று கூறியிருக்கிறார். பையன் அதைத் தண்டனையாகவே எடுத்துக்கொண்டான். அன்று மாலை வீட்டுக்கு வந்தவன் அடிபம்பில் காலணியின் செம்மண்ணை ஒரு துளி விடாமல் கழுவி, வெயிலில் காயவைத்து, பையில் போட்டு, பரண்மேல் ஏற்றிவிட்டான். மறுநாளும் ஆடப் போகிறவன் காலணியை அப்படிக் கழுவுவதில்லை என்பது எனக்குத் தெரியும்.

போலந்து நாட்டின் பார்டோஷ் குரேக் என்பவரும் இதுபோலவே அணியிலிருந்து விடப்பட்டு, இடம் மாறி, பிறகு உலகக் கோப்பையில் சிறந்த ஆட்டக்காரர் ஆனார் என்று நண்பர் ஒருவர் கூறினார். அது எந்த அளவுக்கு உண்மை? அவருடைய ஆட்ட வாழ்க்கையை அறிந்தவர்கள் சற்று விரிவாக எழுதினால், பையனிடம் எதைச் சொல்வது என்று எனக்குத் தெளிவு பிறக்கும்.

மறுமொழி 1: பொருநைக்கரையான்

அண்ணாச்சி, வணக்கம். போலந்து அணியின் ஆட்டங்களைப் பல ஆண்டுகளாகத் தொடர்ந்து பார்த்து வருகிறேன். உங்கள் நண்பர் சொன்னது உண்மைதான். ஆனால் அதைச் சுருக்கிச் சொன்னால் நடுவில் உள்ள ஆண்டுகள் காணாமல் போய்விடுகின்றன, உங்கள் மருமகனுக்கு வேண்டியவையோ அந்த நடு ஆண்டுகள்தாம்.

குரேக் 1988 ஆகஸ்ட் மாதம் பிறந்தவர். அவருடைய தந்தை ஆதாம் குரேக்கும் கைப்பந்து வீரர். நிசா என்ற ஊரின் அணியில்தான் மகனும் ஆட்டத்தைத் தொடங்கினார். 2005இல் ஸாக்ஸா அணிக்கும், 2008இல் அப்போது போலந்தில் அசைக்க முடியாத நிலையில் இருந்த ஸ்க்ரா அணிக்கும் சென்றார். 205 சென்டிமீட்டர் உயரம் கொண்ட அவர் அந்நாளில் உங்கள் மருமகனைப் போலவே இடப்பக்க அட்டாக்கர், அதாவது சர்வீஸையும் எடுக்க வேண்டும், எடுத்த பின் ஓடிப்போய் அடிக்கவும் வேண்டும். 2009இல் போலந்து ஐரோப்பியக் கோப்பையை வென்றபோது அவருக்கு வயது 21. 2012இல் உலக லீக்கை வென்றபோது தொடரின் சிறந்த ஆட்டக்காரர் அவர்தான். சில வாரங்களிலேயே லண்டன் ஒலிம்பிக் காலிறுதியில் ரஷ்யாவிடம் ஒரு செட்கூட எடுக்காமல் போலந்து தோற்றது.

அதன்பின் மாஸ்கோவில் ஓர் ஆண்டு, பிறகு இத்தாலியின் லூபே அணி. 2014இல் லூபே இத்தாலியச் சாம்பியன் ஆனது. அந்த ஆண்டுதான் உலகக் கோப்பைப் போட்டி போலந்திலேயே நடந்தது. தொடக்க ஆட்டத்தை வார்சாவின் தேசிய அரங்கில் 60,000 பேருக்கு மேல் கூடிப் பார்த்தார்கள். பயிற்சியாளர் ஸ்டெஃபான் அந்திகா அறிவித்த அணியில் குரேக்கின் பெயர் இல்லை. போலந்து இறுதிப் போட்டியில் பிரேசிலை 3-1 என்று வென்று, 1974க்குப் பிறகு முதன்முறையாக உலகச் சாம்பியன் ஆயிற்று. அண்ணாச்சி, இந்த இடத்தைப் பையனிடம் மறைக்காதீர்கள். அவர் இல்லாமலே அணி வென்றது, தேர்ந்தெடுத்தவரின் முடிவு தவறாகிப் போகவில்லை. 26 வயதில், சொந்த மண்ணில், தன் தோழர்கள் பதக்கம் அணிவதை அவர் வெளியிலிருந்து பார்த்தார்.

அந்தக் கோப்பையின் சிறந்த ஆட்டக்காரரான வ்லாஸ்வி வலப்பக்கத்தில் ஆடியவர். அவர் தேசிய அணியிலிருந்து விலகியதால் அந்த இடம் காலியானது. விட்டுவிட்ட அதே அந்திகாதான் 2015இல் குரேக்கை அழைத்து அங்கே நிறுத்தினார். இதற்குப் பின் எல்லாம் ஏறுமுகம் என்று நினைத்துவிட வேண்டாம். 2016 ரியோ ஒலிம்பிக்கில் மறுபடியும் காலிறுதித் தோல்வி. அதே ஆண்டு ஜப்பானிய அணி ஒன்றோடு செய்திருந்த ஒப்பந்தத்தைப் பருவம் தொடங்குமுன்பே முடித்துக்கொண்டு, உடலும் மனமும் களைத்த நிலையில் நாடு திரும்பினார். பிறகு ஸ்க்ராவில் ஓர் ஆண்டு. அங்கே வலப்பக்கம் வ்லாஸ்விக்கு உரியது என்பதால், பழைய பாஸ் வேலைக்கே அவர் திரும்ப வேண்டியிருந்தது. அடுத்த ஆண்டு துருக்கியின் அங்காரா அணி. ஓர் இடத்திலும் வேர் பிடிக்காத காலம் அது.

2018இல் வைட்டல் ஹைனென் பயிற்சியில், 30 வயதில், வலப்பக்க ஆட்டக்காரராக அவர் இத்தாலிக்குச் சென்றார். அரையிறுதியில் அமெரிக்காவை ஐந்து செட் ஆடி வென்றார்கள். டூரினில் நடந்த இறுதிப் போட்டியில் பிரேசிலை 28-26, 25-20, 25-23 என்று வீழ்த்தினார்கள். அதில் குரேக் மட்டும் 24 புள்ளிகள் எடுத்தார். தொடரின் சிறந்த ஆட்டக்காரர் விருதும் அவருக்குத்தான். விடப்பட்டதற்கும் இந்த விருதுக்கும் இடையே சரியாக நான்கு ஆண்டுகள்.

மறுமொழி 2: பழைய பி.டி. வாத்தியார்

தம்பி பொருநைக்கரையான் வரலாற்றை நன்றாக எழுதிவிட்டார். வள்ளியூர் வட்டாரத்தில் 31 ஆண்டுகள் உடற்கல்வி ஆசிரியராக இருந்தவன் என்ற முறையில், களத்துக்குள் நடப்பதைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

பாஸ் எடுக்க வராதவனை ஓரங்கட்டும் இடம் வலப்பக்கம் என்ற எண்ணம் நம் ஊர்களில் ஊறிக் கிடக்கிறது. அது பிழையான எண்ணம். அடிப்பவருக்குப் பந்தைத் தூக்கிக் கொடுப்பவர் செட்டர், அவருக்கு நேர் குறுக்கே நிற்பவர் யுனிவர்சல். செட்டர் முன்வரிசைக்கு வரும்போது இவர் பின்வரிசைக்குப் போய்விடுவார், அங்கிருந்தும் மூன்று மீட்டர்க் கோட்டுக்குப் பின்னாலிருந்து எழும்பி அடிக்க வேண்டும். முதல் பாஸ் கெட்டு, செட்டர் ஓடிப்போய்ப் பந்தை எப்படியோ உயரத் தூக்கிவிடும்போது, அந்தப் பந்து பெரும்பாலும் இவரைத் தேடித்தான் வரும். எதிரணியின் நாலாம் இடத்து அட்டாக்கருக்கு முன்னால் பிளாக் போடுவதும் இவருடைய கை. ஆக, ஒரு வேலையைக் குறைத்து மூன்று வேலையைக் கூட்டியிருக்கிறார்கள் என்று பையனிடம் சொல்லுங்கள்.

பையன் வலக்கைக்காரனா? குரேக்கும் வலக்கைக்காரர்தான். வலப்பக்கத்தில் இடக்கைக்காரனுக்குப் பந்து நேரே கைக்கு வந்துவிடும், வலக்கைக்காரனுக்கோ முகத்தைக் கடந்து வலத் தோளுக்கு வந்தாக வேண்டும். நாலாம் இடத்துப் பழக்கத்தில் முந்திக்கொண்டு ஓடினால் பந்துக்கு அடியில் போய் மாட்டிக்கொள்வான், பந்து தலைக்கு மேலேயோ இடத் தோளுக்கு மேலேயோ நிற்கும், அடி வலுவிழந்து நெட்டில் விழும். அரை அடி தாமதிக்கவும், தாவும்போது மார்பைச் செட்டர் பக்கம் திறந்து வைத்திருக்கவும் பழக வேண்டும். எழுதும்போது எளிதாகத் தெரிகிறது. ஆனால் நான்கு ஆண்டுகளாக ஒரே மாதிரி ஓடிய கால்கள் அதை ஒரு வாரத்தில் ஏற்றுக்கொள்வதில்லை.

நம் பக்கத்துக்கே உரிய இடைஞ்சல் ஒன்றும் உண்டு. ஆனி, ஆடியில் ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியாக வரும் மேல்காற்று ராதாபுரம், பணகுடி வரை களத்தைச் சுழற்றி அடிக்கும். நம் களங்கள் பெரும்பாலும் வடக்குத் தெற்காகப் போடப்பட்டவை. வடக்குப் பார்த்து ஆடும்போது, செட்டர் பின்பக்கமாகத் தூக்கும் பந்தைக் காற்று கிழக்கே தள்ளிக் களத்துக்கு வெளியே கொண்டுபோகும். தெற்குப் பார்த்து ஆடினால் அதே பந்து குறுகி நடுவிலேயே விழும். இதைக் கணக்கில் எடுக்காமல் பையனின் அடியை மட்டும் குறை சொல்வது நியாயம் ஆகாது. காற்று எழுமுன் அதிகாலையில் பழக்குங்கள்.

மறுமொழி 3: நாங்குநேரி நடுக்களம்

இருவர் எழுதியதையும் மதித்து ஒரு மாற்றுக் கருத்தைச் சொல்கிறேன். விடப்பட்டவன் ஒருநாள் விருது பெறுவான் என்ற வரிசையில் இந்தக் கதையைப் பையனுக்குச் சொல்வதை நான் விரும்பவில்லை. 205 சென்டிமீட்டர் உயரமும், ஆட்டக்காரத் தந்தையும், 17 வயதிலேயே பெரிய அணியும் வாய்த்த ஒருவரோடு நம் பிள்ளையை நிறுத்தி ஒப்பிட்டால், நாளை அவன் தன்னையே நொந்துகொள்வான். எனக்கு அந்த விருதைவிட அதன்பின் நடந்தது பெரிதாகத் தெரிகிறது. உலகின் சிறந்த ஆட்டக்காரர் என்ற பெயரோடு ஷ்செச்சின் நகர அணிக்கு அவர் வந்தார். பணமுடையால் அந்த அணியே பருவத்தின் நடுவில் கலைந்துபோயிற்று. டிசம்பரில் வார்சா அணிக்கு மாறி, அந்த அணியோடு லீக்கில் இரண்டாம் இடம் வரை வந்தார். பிறகு முதுகில் அறுவைச் சிகிச்சை. இத்தாலியில் ஓர் ஆண்டு ஆடிய பின் 2020இல் ஜப்பானின் நகோயா அணியில் சேர்ந்து நான்கு பருவங்கள் ஆடினார், 2023இல் அந்த அணி ஜப்பானியச் சாம்பியன் ஆனது.

ஒலிம்பிக்கைப் பாருங்கள். 2012, 2016, டோக்கியோ என்று மூன்று முறை காலிறுதியோடு திரும்பியவர் அவர். நான்காம் முறையாக, 36ஐ நெருங்கும் வயதில், அணித்தலைவராகப் பாரிஸுக்குப் போனார். காலிறுதியில் ஸ்லோவேனியாவையும் அரையிறுதியில் அமெரிக்காவையும் கடந்தார்கள், இறுதியில் பிரான்ஸிடம் 0-3 என்று தோற்று வெள்ளி பெற்றார்கள். 1976க்குப் பிறகு போலந்து ஆண்கள் அணிக்குக் கிடைத்த முதல் ஒலிம்பிக் பதக்கம் அது. அவ்வளவு காலமும் அவரைக் களத்தில் வைத்திருந்தது எது என்று கேட்டால், 2015இல் மாற்றிக்கொண்ட அந்த வேலைதான் என்பேன். வயது ஏற ஏற, குனிந்து பாஸ் எடுக்கும் சுமை முதுகுக்கு எவ்வளவு பெரியது என்பதை ஆடியவர்கள் அறிவார்கள். பையனிடம் சொல்வதானால் இதைச் சொல்லுங்கள்.

மீண்டும்: தேரிக்காட்டு மாமன்

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. நீங்கள் எழுதியவற்றை அவனிடமே படிக்கக் கொடுத்தேன். டூரின் இறுதிப் போட்டியைப் பற்றி அவன் எதுவும் கேட்கவில்லை. ஸ்க்ராவில் குரேக் மறுபடியும் பாஸ் எடுக்கப் போனார் என்ற வரியைத்தான் இரண்டு முறை படித்தான். இடம் மாறியவனைப் பழைய இடத்துக்கும் திருப்பி அனுப்புவார்களா மாமா, அப்படியானால் பாஸையும் விட்டுவிடக் கூடாதே என்று கேட்டான். எனக்குத் தெரிந்த அளவில், விடக் கூடாது என்றேன்.

வாத்தியார் அண்ணாச்சி, அவன் வலக்கைக்காரன்தான். இந்த வாரம் முழுவதும் ஊர்ச் செட்டரும் அவனும் காலை ஐந்தரை மணிக்கே களத்துக்குப் போகிறார்கள். அந்தப் பிள்ளைக்குப் பின்பக்கம் தூக்கிப் பழக்கம் இல்லாததால், பத்துப் பந்தில் மூன்றுதான் சரியான உயரத்துக்கு வருகிறதாம், மற்றவை நெட்டை ஒட்டிக் கீழே இறங்கிவிடுகின்றனவாம். நேரம் கிடைக்கும்போது செட்டருக்கான பயிற்சியையும் சற்று விளக்கமாக எழுதுங்கள்.