விளையாட்டு ஐகான்களை ஒரே பாணியில் மாற்றுவது எப்படி?

மாலைநிழல் (கேள்வி):

அனைவருக்கும் வணக்கம். என் விண்டோஸ் 11 கணினியின் டெஸ்க்டாப்பில் சுமார் 40 விளையாட்டுகளின் ஷார்ட்கட்கள் இருக்கின்றன. ஒன்று வட்டமாகவும் இன்னொன்று சதுரமாகவும் வேறொன்று வெறும் எழுத்தாகவும் இருப்பதால், தேடுகிற விளையாட்டு சட்டென்று கண்ணில் படுவதில்லை. எல்லாவற்றுக்கும் ஒரே பாணியில் ஐகான் அமைத்துவிட வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை.

சென்ற வாரம் 12 விளையாட்டுகளின் அட்டைப்படங்களை ஐகோ கோப்புகளாக (விண்டோஸின் ஐகான் கோப்பு வகை) மாற்றிப் பொருத்தினேன். முதல் நாள் நன்றாகவே தெரிந்தன. இரண்டு நாள் கழித்து டவுன்லோட்ஸ் கோப்புறையைச் சுத்தம் செய்தபோது அந்த 12 ஷார்ட்கட்களும் வெறும் வெள்ளைத் தாள்களாகிவிட்டன. மீண்டும் கோப்புகளை உருவாக்கிப் பொருத்தியபின், சிலவற்றில் படம் மங்கலாகத் தெரிகிறது. ஒன்றிரண்டில் திருத்திய படத்துக்குப் பதிலாகப் பழைய படமே வந்து நிற்கிறது. ஸ்டீம் என்ற விளையாட்டுக் கடை மென்பொருள் வழியாக நிறுவிய விளையாட்டுகளின் ஷார்ட்கட்டில் 'ப்ராப்பர்ட்டீஸ்' திறந்தால், வழக்கமான 'ஷார்ட்கட்' என்ற பக்கமே காணப்படவில்லை. இவற்றை முறையாகச் செய்யும் வழியை அனுபவமுள்ளவர்கள் விளக்கினால் மிகவும் உதவியாக இருக்கும்.

பழையவிசை (பதில்):

வணக்கம் நண்பரே. உங்கள் சிக்கல்களில் பெரும்பாலானவை ஒரே இடத்திலிருந்து பிறக்கின்றன. நீங்கள் 'சேஞ்ச் ஐகான்' வழியே ஒரு படத்தைத் தேர்ந்தெடுக்கும்போது, அந்தப் படம் ஷார்ட்கட்டுக்குள் போய் அமர்வதில்லை. அது எந்த வட்டில், எந்தக் கோப்புறையில், என்ன பெயரில் இருக்கிறது என்ற முகவரி மட்டுமே அங்கே எழுதப்படுகிறது. முகவரியில் இருந்த கோப்பை நீக்கினால் விண்டோஸ் காட்டுவதற்கு ஒன்றும் இல்லாமல் வெள்ளைத் தாளைக் காட்டும். ஆகவே, ஐகான்களுக்கென்று நிலையான ஒரு கோப்புறையை முதலில் உருவாக்குங்கள். அதைப் பிறகு நகர்த்தவோ பெயர் மாற்றவோ கூடாது. கழற்றி மாட்டும் வட்டிலும் வைக்க வேண்டாம்.

ஸ்டீம் டெஸ்க்டாப்பில் உருவாக்கித் தருவது சாதாரண ஷார்ட்கட் அன்று. அது இணைய முகவரிக்கான ஷார்ட்கட் வகையைச் சேர்ந்த யூஆர்எல் கோப்பு. நோட்பேடில் திறந்து பார்த்தால் உள்ளே சில வரிகளே இருக்கும்: ஒரு வரியில் அந்த விளையாட்டுக்குரிய எண்ணோடு கூடிய ஸ்டீம் முகவரி, இன்னொரு வரியில் ஐகான் கோப்பு இருக்கும் இடம். இதனால்தான் ப்ராப்பர்ட்டீஸில் 'ஷார்ட்கட்' பக்கத்துக்குப் பதிலாக 'வெப் டாக்குமெண்ட்' என்ற பக்கம் வருகிறது. 'சேஞ்ச் ஐகான்' பொத்தான் அந்தப் பக்கத்தில்தான் இருக்கிறது. உங்கள் கோப்பை அங்கே காட்டினால் போதும். மூல ஐகான்கள் ஸ்டீம் நிறுவப்பட்ட கோப்புறைக்குள் 'ஸ்டீம்' என்ற உட்கோப்புறையில், 'கேம்ஸ்' என்ற பெயருள்ள இடத்தில், எண்ணும் எழுத்தும் கலந்த 40 எழுத்துப் பெயர்களோடு இருக்கும். அவற்றின் மேலேயே உங்கள் படத்தை எழுதிவிடலாம் என்று சிலர் சொல்வார்கள். நான் அதைப் பரிந்துரைக்க மாட்டேன். மூலத்தை மூலமாகவே விட்டுவிட்டால், மனம் மாறும்போது திரும்பிப் போக ஒரு வழி இருக்கும்.

பழைய படமே வருவதற்குக் காரணம் விண்டோஸ் வைத்திருக்கும் ஐகான் கேஷ். ஒவ்வொரு முறையும் கோப்பைத் திறந்து படிக்காமல், ஒருமுறை படித்ததைச் சேமித்து வைத்துக்கொண்டு அதையே காட்டும். அதே பெயரில் திருத்திய படத்தைச் சேமித்தால், கோப்பு மாறியது அதற்குத் தெரியாமலே போகலாம். கேஷ் கோப்புகளைத் தேடி நீக்கும் முறையும் உண்டு. ஆனால் இரண்டு ஐகானுக்காக அவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை. திருத்திய படத்தைப் புதிய பெயரில் சேமித்து, ஷார்ட்கட்டில் அந்தப் பெயரைக் காட்டிவிடுங்கள். நான் எப்போதும் பெயரின் இறுதியில் 2, 3 என்று எண் சேர்த்துக்கொள்வேன்.

பிக்சல்தறி (பதில்):

பழையவிசை அவர்கள் கூறியவை முற்றிலும் சரி. மங்கல் பற்றி நான் கொஞ்சம் விரிவாகச் சொல்ல விரும்புகிறேன், ஏனென்றால் ஐகான் வேலையில் பலரும் தடுமாறுவது இங்கேதான்.

ஐகோ என்பது ஒரு படம் அன்று. பல படங்களை உள்ளடக்கிய ஒரு பெட்டி. அதே ஐகானின் 16, 24, 32, 48, 64, 128, 256 பிக்சல் அளவுப் படங்கள் அதற்குள் வரிசையாக இருக்கலாம். விண்டோஸ் அந்தந்த இடத்துக்குப் பொருத்தமானதை எடுத்துக்கொள்ளும். டெஸ்க்டாப்பின் நடுத்தர ஐகானுக்கு 48, எக்ஸ்ப்ளோரரின் பட்டியல் காட்சிக்கு 16, மிகப்பெரிய காட்சிக்கு 256 என்பது வழக்கம். திரையின் ஸ்கேலிங் (எழுத்தையும் படத்தையும் பெரிதாக்கிக் காட்டும் அமைப்பு) 150 விழுக்காடாக இருந்தால் 48 என்பது 72 ஆகிவிடும். படத்தை ஐகோவாக மாற்ற நீங்கள் பயன்படுத்திய கருவி 256 அளவை மட்டும் போட்டுத் தந்திருந்தால், மற்ற எல்லா இடங்களிலும் விண்டோஸ் அதையே நசுக்கிக் காட்டும். 32 அளவை மட்டும் தந்திருந்தால் இழுத்துப் பெரிதாக்கும். இரண்டிலும் கூர்மை போய்விடும்.

16-க்கு 16 என்றால் மொத்தம் 256 புள்ளிகள்தான். 256-க்கு 256 என்றால் 65,536 புள்ளிகள். பெரிய படத்தில் இருப்பது முழுவதையும் சிறிய படத்தில் திணிக்க முடியாது என்பது இந்தக் கணக்கிலேயே தெரிந்துவிடும். ஒரு பாய்மரக் கப்பலை ஐகானாக வைத்துக்கொள்வோம். பெரிய அளவில் கொடிமரம், கயிறுகள், அலைகள் எல்லாம் அழகாக இருக்கும். 16 அளவுக்குத் தானாகச் சுருக்கினால், கொடிமரம் ஒரு பிக்சல் அகலத்துக்கு இறங்கி, இரண்டு பிக்சல்களுக்கு நடுவே விழுந்து, இரண்டு வெளிறிய சாம்பல் கோடுகளாகப் பிரிந்துவிடும். கயிறுகள் வெறும் அழுக்குப் போலத் தெரியும். அந்த அளவுக்குக் கயிறுகளையும் அலைகளையும் நீக்கி, கொடிமரத்தை ஒரே பிக்சல் வரிசையில் சரியாக நிறுத்தி, பாயை ஒரு வெள்ளை முக்கோணமாகத் தனியே வரைந்தால், எட்டி நின்று பார்த்தாலும் கப்பல் கப்பலாகவே தெரியும். 16, 24, 32 ஆகிய மூன்றையும் கையால் திருத்துவதும் மற்றவற்றைச் சுருக்கியே பெறுவதும் என் பழக்கம்.

அட்டைப்படத்தை அப்படியே வைப்பதும் நல்ல தேர்வன்று என்பது என் கருத்து. ஸ்டீம் நூலகத்தின் நெடும் அட்டைப்படம் 600-க்கு 900 என்ற அளவுடையது. அதை 48 பிக்சல் சதுரத்துக்குள் நிறுத்தினால் அகலம் 32 பிக்சல்தான் மிஞ்சும். அதற்குள் ஒரு கதாநாயகன், ஒரு கோட்டை, ஒரு தலைப்பு! மூன்றில் ஒன்றை மட்டும் வெட்டி எடுத்து, சதுரம் முழுவதையும் அதற்கே கொடுங்கள். ஒரே பாணி வேண்டும் என்கிறீர்கள். அதற்குச் சட்டத்தின் வடிவத்தையும் ஓரத்து இடைவெளியையும் பொதுவாக வைத்துக்கொண்டு, நிறத்தை விளையாட்டுக்கு விளையாட்டு மாற்றுங்கள். நிறமும் ஒன்றாகிவிட்டால் 40 ஐகான்களும் ஒரே கூட்டமாகத் தெரியும். தேடும் சிரமம் அப்படியே இருக்கும்.

கருவி என்று பார்த்தால் கிம்ப் என்ற படத்திருத்த மென்பொருள் போதும். ஒரே கோப்பில் ஒவ்வோர் அளவையும் ஒவ்வொரு லேயராக (அடுக்காக) வைத்து ஐகோவாக ஏற்றுமதி செய்தால், எல்லா அளவுகளும் அந்தப் பெட்டிக்குள் போய்விடும். 256 அளவுக்கு மட்டும் பிஎன்ஜி (ஒரு படக்கோப்பு வகை) சுருக்கத்தைத் தேர்ந்தெடுங்கள். விண்டோஸ் விஸ்டா காலத்திலிருந்தே இது ஏற்கப்படுகிறது. படத்தை பிஎன்ஜியாக வைத்துக்கொண்டு பெயரின் நீட்சியை மட்டும் ஐகோ என்று மாற்றுவது பயன் தராது. கோப்பின் உள்ளமைப்பு மாறுவதில்லை.

மாலைநிழல்:

இருவருக்கும் மனமார்ந்த நன்றி. ஸ்டீம் ஷார்ட்கட்டின் 'வெப் டாக்குமெண்ட்' பக்கத்தைக் கண்டுபிடித்துவிட்டேன். டெஸ்க்டாப்பில் ஐகான் மாறிவிட்டது. ஆனால் விளையாட்டைத் திறந்ததும் டாஸ்க்பாரில் பழைய ஐகானே வருகிறது. விளையாட்டை இயக்கும் நிரலான எக்ஸி கோப்புக்குள்ளேயே ஐகானை மாற்றிவிடலாமா?

பழையவிசை:

எக்ஸியைத் தொட வேண்டாம் என்பதே என் உறுதியான ஆலோசனை. ரிசோர்ஸ் ஹேக்கர் போன்ற கருவிகளால் அதைச் செய்ய முடியும், நானும் செய்திருக்கிறேன். தனியாள் விளையாட்டு ஒன்றில் மாற்றினேன். அடுத்த அப்டேட் வந்ததும் எக்ஸியே புதிதாக மாற்றி எழுதப்பட்டு, என் ஐகான் போய்விட்டது. இணையத்தில் பலரோடு ஆடும் இன்னொரு விளையாட்டில் மாற்றியபோது அது திறக்கவே மறுத்தது, கோப்புகளைச் சரிபார்த்து மூல நிலைக்குக் கொண்டுவந்த பிறகுதான் திறந்தது. ஒரு பைட் மாறினாலும் எக்ஸியின் டிஜிட்டல் கையொப்பம் செல்லாததாகிவிடும். ஏமாற்றுத் தடுப்பு மென்பொருளுக்கு நீங்கள் மாற்றியது அழகுக்காகவா, ஏமாற்றவா என்று பிரித்தறியத் தெரியாது. ஓர் ஐகானுக்காகக் கணக்கைப் பணயம் வைக்க வேண்டுமா?

டாஸ்க்பாரில் ஓடிக்கொண்டிருக்கும் விளையாட்டு தன் சன்னலுக்குரிய ஐகானைத் தானே கொண்டுவருகிறது. அதை விட்டுவிட்டு, டாஸ்க்பாரில் நிலையாகப் பொருத்தி வைக்கும் ஐகானை மட்டும் உங்கள் விருப்பப்படி அமைக்கலாம். யூஆர்எல் ஷார்ட்கட்டைப் பொதுவாக அங்கே பொருத்த முடியாது. ஆகவே ஸ்டீமின் எக்ஸிக்குச் சாதாரண ஷார்ட்கட் ஒன்று உருவாக்கி, 'டார்கெட்' பெட்டியில் மேற்கோள் குறிக்கு வெளியே ஓர் இடைவெளி விட்டு, சிறுகோட்டுடன் 'ஆப்லாஞ்ச்' என்ற ஆணையை ஆங்கிலச் சிற்றெழுத்துகளில் சேர்த்தெழுதி, அதன்பின் விளையாட்டின் எண்ணைத் தட்டச்சு செய்யுங்கள். அந்த எண் யூஆர்எல் கோப்பின் முகவரி வரியிலேயே இருக்கிறது. ஐகானை முதலில் மாற்றிவிட்டுப் பிறகு பொருத்துங்கள். பொருத்திய பின் மாற்றினால் பழையதே சில நேரம் ஒட்டிக்கொண்டிருக்கும்.

மாலைநிழல்:

செய்து பார்த்தேன், சரியாக வேலை செய்கிறது. எக்ஸியைத் தொடும் எண்ணத்தையும் கைவிட்டேன். நேற்றிரவு ஐந்து ஐகான்களை முடித்தேன். ஒரு விளையாட்டின் அட்டையில் வீரனும் குதிரையும் மலையும் இருந்தன. குதிரையின் தலையை மட்டும் எடுத்து, 24 அளவில் பிடரியை நான்கு பட்டைகளாக வரைந்து, கண்ணுக்கு ஒரே ஒரு வெள்ளைப் பிக்சல் வைத்தேன். கருமையான பின்னணிப் படத்தில் அதன் ஓரம் கரைந்துவிடுகிறது, வெளிக்கோடு சேர்க்கலாமா?

பிக்சல்தறி:

சேர்க்கலாம், ஆனால் சுத்த வெள்ளையாக வேண்டாம். குதிரையின் நிறத்திலேயே வெளிர்ந்த சாயல் ஒன்றை எடுத்து ஒரு பிக்சல் அகலத்தில் சுற்றி வரையுங்கள். 16 அளவில் அந்தக் கோடும் இடத்தை அடைத்துக்கொள்ளும் என்பதால், அங்கே மட்டும் கோட்டை விட்டுவிட்டு, சட்டத்தின் பின்னணி நிறத்தை வெளிர்மையாக்கிவிடுங்கள்.