கோத்தகிரி குளிர்ல அரக்கான் காட்டு ஆமை வளத்து குஞ்சு பொரிக்க வைக்க முடியுமா?

மலைக்காத்து, கோத்தகிரி:

எல்லாருக்கும் வணக்கமுங்க. இங்க படிச்சிட்டு மட்டும் இருந்தேன், இப்ப தான் முதல் தடவையா எழுதறேன், தப்பான எடத்துல போட்டிருந்தா மாத்தி விடுங்க.

ஊரு கட்டபெட்டு பக்கம். கொஞ்சம் தேயிலை இருக்கு, பச்சை தேயிலை விலை எப்படின்னு எல்லாருக்கும் தெரியும், அத விடுங்க. வீட்டுக்கு பின்னாடி ஒரு பழைய ஷெட் சும்மா கெடக்குது. சின்ன வயசுல இருந்தே ஆமைன்னா ஒரு பைத்தியம். போன மாசம் அரக்கான் காட்டு ஆமைன்னு மியான்மர் ஆமை பத்தி ஒரு வீடியோ பாத்தேன், 1908க்கு அப்பறம் யார் கண்ணுலயும் படாம அழிஞ்சே போச்சுன்னு நெனச்சிருந்தாங்களாம், அப்பறம் 1994ல சீனாவுல கறி மார்க்கெட்ல கெடச்சுதாம், அமெரிக்கால அட்லாண்டா ஜூல குஞ்சு கூட பொரிச்சிருக்கு. பாத்ததுல இருந்து தூக்கமில்ல. நம்ம ஷெட்ல ஒரு ஜோடி வெச்சு பெருக்கினா என்னன்னு ஓடிட்டே இருக்கு. விக்கறதுக்கு இல்லீங்க, சத்தியமா.

கோயம்புத்தூர்ல மீன் தொட்டி கடை வெச்சிருக்கற ஒருத்தர் கிட்ட விசாரிச்சேன். ஜோடி 60 ஆயிரம், வெளிநாட்டு ஆமைக்கு இந்தியாவுல சட்டமே கெடையாது, பேப்பர் ஒண்ணும் வேண்டாம்னு சொல்றாரு. போட்டோவும் அனுப்பினாரு, கறுப்பு ஓடு, முதுகுல நீளவாக்குல மூணு வரம்பு, அடிப்பக்கம் கறுப்பா இருந்து ஓரத்துல மட்டும் மஞ்சள். இன்னும் பணம் குடுக்கல.

கேள்வி ரெண்டு தான். நம்ம குளிருக்கு இது தாங்குமா? முட்டை வெக்க வைக்க என்ன பண்ணணும்? எங்கம்மா வேற ஆமை புகுந்த வீடும் அமீனா புகுந்த வீடும் உருப்படாதுன்னு தெனமும் பாடிட்டு இருக்காங்க, அதுக்கும் யாராவது பதில் சொல்லுங்க.

குன்னூர் வெட்:

தம்பி, அம்மா சொன்னதுல பாதி நெசம். இந்த கேஸ்ல ஆமை முன்னாடி வரும், அமீனா பின்னாடியே வருவாரு.

கடைக்காரர் சொல்றது பழைய கதை. வனவிலங்கு சட்டத்தை 2022ல திருத்தினாங்க, 2023 ஏப்ரல் 1ல இருந்து அமல்ல இருக்கு. சைட்டீஸ்னு அரிய உயிரினங்களோட சர்வதேச வியாபாரத்தை கட்டுப்படுத்தற ஒப்பந்தம் ஒண்ணு இருக்கு, அந்த பட்டியல்ல வர்ற வெளிநாட்டு உயிரினம் எல்லாமே இப்ப நம்ம சட்டத்தோட நாலாவது அட்டவணைக்குள்ள வந்தாச்சு. அரக்கான் ஆமை சைட்டீஸ்ல ரெண்டாவது பட்டியல்ல இருக்கு. ஏற்கனவே வெச்சிருந்தவங்க பரிவேஷ்ங்கற மத்திய அரசு வெப்சைட்ல பதிவு பண்ணணும்னு 2024 பிப்ரவரி கடைசில ரூல் போட்டு ஆறு மாசம் டைம் குடுத்தாங்க, அது முடிஞ்சு போச்சு. புதுசா வாங்கினா எங்க இருந்து வந்துச்சுன்னு பேப்பர் காட்டணும், குஞ்சு பொரிச்சா அதையும் சொல்லணும். பேப்பர் இல்லாத ஜோடின்னா நேரா பேக்கேஜ்ல கடத்தி வந்ததுன்னு அர்த்தம். சென்னை, திருச்சி ஏர்போர்ட்ல கஸ்டம்ஸ் பிடிக்கறதை பேப்பர்ல பாத்திருப்பீங்க, சாக்ஸ்குள்ள, டப்பாக்குள்ள அடைச்சு கொண்டு வருவாங்க.

டாக்டரா ஒண்ணு சொல்லிடறேன். அப்படி வந்த ஆமை உயிரோட இருக்கற மாதிரி தான் தெரியும். உள்ள தண்ணி வத்தி, குடல் பூரா புழுவும் அமீபாவுமா இருக்கும், ஓடு இருக்கறதால இளைச்சது கண்ணுக்கே தெரியாது. நம்ம மலைல ஆமைக்கு ரத்தம் எடுத்து பாக்கற அளவுக்கு பழகின டாக்டருங்க ரொம்ப கம்மி, இத நானே சொல்றேன்.

காப்பி கிறுக்கன், பண்ணைக்காடு:

சட்டம் அக்கா சொல்லிட்டாங்க, நான் வளக்கற விஷயத்துக்கு வர்றேன், ஏன்னா கேள்வி நல்ல கேள்வி. நான் சில வருஷம் ஜெர்மனில வேலைல இருந்தேன், இப்ப ஊருக்கே திரும்பி வந்து காப்பியும் மலைவாழையும் பாத்துக்கறேன். அங்க முன்ஸ்டர்னு ஒரு ஊர் ஜூல 2003ல இருந்து ஆசிய ஆமைகளுக்குன்னே ஒரு மையம் நடக்குது, எல்மார் மையர்னு ஒருத்தர் தான் அதுக்கு ஆணிவேர், கூவோராங்கற ஆசிய பெட்டி ஆமை வகைங்க அங்க முட்டை வெச்சு பொரிக்குது. லீவு நாள்ல போய் கண்ணாடி முன்னாடி நின்னுட்டு இருப்பேன். முறையா பேப்பரோட வீட்ல வளக்கற ஒரு பெரியவர் பழக்கமாகி அவரு பேஸ்மென்ட்டையும் பாத்திருக்கேன். கீழ எழுதறதெல்லாம் காட்டு ஆமைங்களுக்கு பொதுவா அவங்க செய்யறது, அதுல கேட்டு பாத்து தெரிஞ்சுகிட்டது.

முதல்ல ஒரு விஷயம் தெரிஞ்சுக்கங்க, இது தொட்டில நீந்தற ஆமை இல்ல. காட்டு தரைல சருகுக்குள்ள புகுந்து அசையாம கெடக்கற ஜாதி. விருந்தாளி வந்தா நீங்க சருகை தான் காட்டணும். அந்த பெரியவர் வீட்ல நான் போனப்பல்லாம் பாதி ஆமையை பாத்ததே இல்ல.

குளிர் தாங்குமான்னு கேட்டீங்க, தாங்காது. கோத்தகிரி கிட்டத்தட்ட 1800 மீட்டர் உயரம், டிசம்பர் ஜனவரி ராத்திரில 10 டிகிரிக்கு கீழ எறங்கிடும். அந்த ஆமையோட ஊரு மியான்மர் மேக்கு கரை, ராக்கைன் பக்கம் கீழ் மலைல மூங்கில் காடு. 25, 28 டிகிரி சூடும் வேணும், காத்துல நல்ல ஈரமும் வேணும். ரெண்டும் ஒண்ணா வேணும்கறதுல தான் எல்லாரும் மாட்டிக்கறாங்க. ஹீட் லேம்ப் போட்டா காத்து காஞ்சு போகும், தண்ணி தெளிச்சா குளுந்து போகும், குளிர்ல ஈரமா இருந்தா ஆமைக்கு நெஞ்சு சளி பிடிக்கும். மூக்குல குமிழ் விடும், வாயை தொறந்து மூச்சு விடும், தண்ணில விட்டா ஒருக்களிச்சு மிதக்கும், அந்த கட்டத்துல பெரும்பாலும் கை மீறி போயிருக்கும். அதனால அங்க லேம்ப்பை நம்பறதில்ல, செவுத்துக்கு தெர்மோகோல் அடிச்சு ரூமையே மொத்தமா சூடாக்கிடறாங்க. உங்க ஊர்ல ஆடி மழைக்கு மரம் சாஞ்சு கரண்ட் போனா எப்ப வரும்னு யாருக்கும் தெரியாது, அப்ப அந்த ஷெட்டுக்கு ஜெனரேட்டரும் டீசலும் யார் போடறது?

தரைக்கு சருகு வேணும், நிறைய. தேயிலை தோட்டத்து சருகு ஆகவே ஆகாது, அடிச்ச மருந்து எல்லாம் அதுல தான் இருக்கு. ஷோலா, அதான் நம்ம மலை மேல இருக்கற சோலைக்காடு, அந்த சருகு பிரமாதமா இருக்கும், ஆனா ரிசர்வ் காட்டுல போய் அள்ளினா அதுக்கு தனி கேஸ். தீனி கஷ்டமில்ல, மண்புழு, நத்தை, காளான், அத்திப்பழம், பப்பாளி. கால்சியத்துக்கு கணவாய் ஓடு, நாட்டு மருந்து கடைல கடல்நுரைன்னு கேட்டா குடுப்பாங்க, ஒரு துண்டு போட்டு வெச்சா தேவைப்படறப்ப அதுவே கடிச்சுக்கும். யூவிபி பல்பு, அதாவது வெயில்ல இருக்கற புற ஊதா கதிரை குடுக்கற பல்பு, கண்டிப்பா வேணும், ஜன்னல் கண்ணாடி வழியா வர்ற வெயில்ல அது கெடைக்காது, நிறைய பேருக்கு இது தெரியறதில்ல.

ஜோடின்னு சொல்லி ரெண்டையும் ஒண்ணா வெக்கறது தான் பெரிய ஆபத்து. அரக்கான் ஆமை முரட்டு ஆளுன்னே பேர் வாங்கினது. பொதுவாவே காட்டு ஆமைல ஆண் பொண்ணோட கழுத்தை கவ்வி காயம் பண்ணிடும். தனித்தனியா வெச்சு, மழை சீசன் மாதிரி தண்ணி பீச்சி, சேர்க்கற நேரத்துல மட்டும் பக்கத்துலயே இருந்து பாத்துட்டு பிரிச்சிடணும்.

முட்டை கொஞ்சமா தான் வெக்கும், ஒவ்வொண்ணும் உடம்புக்கு பெருசா இருக்கும். எடுக்கறப்ப எந்த பக்கம் மேல இருந்துச்சோ அங்க பென்சில்ல ஒரு புள்ளி வெச்சு அப்படியே ஈரமான வெர்மிகுலைட்ல (ஈரத்தை பிடிச்சு வெக்கற ஒரு தாதுப்பொருள்) எறக்கணும், கரு உள்ள ஒட்டினதுக்கு அப்பறம் பொரட்டினா போச்சு. பொரிக்க மாசக்கணக்காகும். பல ஆமை வகைல முட்டை இருக்கற சூட்டை வெச்சு தான் ஆணா பொண்ணான்னு முடிவாகும், எல்லாத்தையும் ஒரே டிகிரில வெச்சா எல்லாம் ஒரே பாலா போயிடலாம், அப்பறம் அடுத்த தலைமுறைக்கு எங்க போவீங்க?

இதெல்லாம் செலவு பண்ணி கத்துக்கலாம்னே வெச்சுக்கங்க. குஞ்சை என்ன பண்றதா உத்தேசம்? மியான்மருக்கு கூரியர்லயா அனுப்ப முடியும்? முன்ஸ்டர் மாதிரி எடத்துல ஒவ்வொரு ஆமைக்கும் ஜாதகம் இருக்கு, எங்க இருந்து வந்துச்சு, அப்பா அம்மா யாரு, எதோட சேர்க்கலாம் எதோட கூடாதுன்னு ஸ்டட்புக் ஒண்ணு நாடு நாடா சுத்துது. அந்த புக்ல ஏறாத குஞ்சு எத்தனை பொரிச்சாலும் அந்த இனத்துக்கு கணக்குல வராது, உங்க ஷெட்ல ஆமை எண்ணிக்கை கூடும், அவ்வளவு தான். இன்னொண்ணு, 2009ல ராக்கைன் யோமா யானை சரணாலயத்துல இந்த ஆமையை காட்டுலயே உயிரோட பாத்துட்டாங்க. நீங்க கடைல ஒரு ஜோடி வாங்கினா அடுத்த ஜோடிக்கு அங்க தான் ஆள் அனுப்புவாங்க.

டீத்தூள்:

60 ஆயிரத்துக்கு ஆமை வாங்கி விக்க மாட்டேன்னு சத்தியம் பண்றவரை இப்ப தான் பாக்கறேன் 😄 சும்மா சொன்னேன் ப்ரோ, கோச்சுக்காதீங்க.

கூடலூர்க்காரன்:

எல்லாரும் சட்டம் குளிர்னு போயிட்டீங்க, அந்த போட்டோவை யாரும் கவனிக்கல. கறுப்பு ஓடு, மூணு வரம்பு, அடில கறுப்பு ஓரம் மஞ்சள்... ப்ரோ அது அரக்கானும் இல்ல ஒண்ணும் இல்ல, நம்மூரு குளத்துல கெடக்கற கறுப்பு ஆமை! மெலானோகெலிஸ் ட்ரைஜூகான்னு பேரு, மூணு வரம்பு இருக்கறதால தான் அந்த பேரே. அரக்கான் ஆமைக்கு ஓடு தட்டையா இருக்கும், வெளிர் பழுப்பு நெறம், அடிப்பக்கம் மஞ்சள்ல கறுப்பு திட்டு திட்டா இருக்கும். எங்க பக்கம் வயல் ஓரத்துல, ஓடைல மழை நேரத்துல இந்த கறுப்பு ஆமையை சாதாரணமா பாக்கலாம். உங்களுக்கு நம்ம தண்ணி ஆமையை பிடிச்சு 60 ஆயிரத்துக்கு பர்மா முத்திரை குத்தி குடுக்கறாங்க. உள்நாட்டு ஆமைன்னா கேஸ் இன்னும் நேரடி, வீட்ல வெக்கவே கூடாது.

அரிய காட்டு ஆமைக்காக பர்மா வரைக்கும் போக வேண்டியதே இல்லன்னு எனக்கு தோணும். நம்ம மேற்கு தொடர்ச்சி மலைலயே பிரம்பு ஆமை இருக்கு, கொச்சி காட்டு ஆமைன்னும் சொல்லுவாங்க. உள்ளங்கைல அடங்கிடும், 13 சென்டிமீட்டர் பக்கம் தான். 1912ல ஹென்டர்சன்ங்கறவர் இத பத்தி எழுதினதுக்கு அப்பறம் 70 வருஷம் ஆராய்ச்சிக்காரங்க யார் கைலயும் சிக்கல, 1982ல ஜெ. விஜயாங்கற பொண்ணு காட்டுக்குள்ள தங்கி காடர் பழங்குடி மக்கள் உதவியோட திரும்ப கண்டுபிடிச்சாங்க. மெட்ராஸ் முதலை பண்ணைல வேலை பாத்தவங்க, இந்தியாவோட முதல் பெண் ஊர்வன ஆராய்ச்சியாளர்னு சொல்லுவாங்க, 1987லயே எறந்துட்டாங்க. 2006ல அந்த ஆமை பேரினத்துக்கே விஜயாகெலிஸ்னு அவங்க பேரை வெச்சாங்க. நம்ம ஸ்கூல் புக்ல இத போட்டிருக்கணும், போடல. அதே மாதிரி திருவிதாங்கூர் ஆமை, வால்பாறை டாப்ஸ்லிப் பக்கம் மூங்கில் காட்டுல இருக்கறது, இனப்பெருக்க சீசன்ல மூக்கு ரோஸ் கலராகிடும். இந்த ரெண்டையும் பத்தி தெரிஞ்சவங்க நம்மள்ல எத்தனை பேர்?

மலைக்காத்து, கோத்தகிரி:

போட்டோவை மறுபடி எடுத்து கறுப்பு ஆமை படத்தோட ஒப்பிட்டு பாத்தேங்க, அதே தான் 🤦 அம்மா கிட்ட இன்னும் சொல்லல.

காப்பி அண்ணா, நீங்க குஞ்சை என்ன பண்ணுவேன்னு கேட்டது தான் உறைச்சது, அத பத்தி யோசிக்கவே இல்ல. ஆனா ஒண்ணு மட்டும் ஒத்துக்க முடியல. ஜூக்காரங்க மட்டும் தான் வளக்கணும்னா நம்மள மாதிரி ஆர்வம் இருக்கறவன் வீடியோ பாத்துட்டே இருக்க வேண்டியது தானா? ஜெர்மனில அந்த பெரியவர் வீட்ல வெச்சிருக்காரே. அப்பறம் அந்த கடைல இருக்கற ஆமைங்களை என்ன பண்றது, நானே வாங்கி நம்ம ஏரியா குளத்துல விட்டுடட்டுமா?

காப்பி கிறுக்கன், பண்ணைக்காடு:

கோவம் ஞாயம் தான் தம்பி. அந்த பெரியவர் வீட்டு ஆமை எல்லாம் ஸ்டட்புக்ல இருக்கு, மையத்துல இருந்து கேட்டா குடுத்துடணும், அது அவரு சொத்து இல்ல. நம்ம நாட்ல தனி ஆளுக்கு அந்த மாதிரி ஏற்பாடு இன்னும் வரல, வரணும்னு தான் நானும் சொல்வேன். இப்போதைக்கு கை அழுக்காகற வேலை வேணும்னா சென்னை முதலை பண்ணைல வாலன்டியர் எடுக்கறாங்க, ஆமை நிறைய வெச்சிருக்காங்க, தொட்டி கழுவறதுல இருந்து கத்துக்கலாம். உங்க கோத்தகிரிலயே கீஸ்டோன் பவுண்டேஷன் இருக்கு, காடு, பழங்குடி மக்கள்னு வேலை செய்யறாங்க, போய் பேசி பாருங்க. காட்டு ஓரமா ரோட்டுல ஆமையை பாத்தா போட்டோ எடுத்து தேதி எடம் போட்டு ஐநேச்சுரலிஸ்ட்ங்கற உயிரினங்களை பதிவு பண்ற வெப்சைட்ல ஏத்துங்க. ஆமை எங்க இருக்குங்கற தகவலே நம்ம பக்கம் ரொம்ப கம்மி.

குன்னூர் வெட்:

குளத்துல விடாதீங்க, கெஞ்சி கேக்கறேன். கடைத் தொட்டில மத்த ஆமைகளோட கெடந்தது என்ன நோய் வெச்சிருக்குன்னு தெரியாது, குளத்துல ஏற்கனவே இருக்கறதுக்கும் ஒட்டிக்கும். எந்த ஊர்ல பிடிச்சதுன்னும் தெரியாது. காப்பாத்தறேன்னு காசு குடுத்து வாங்கினாலும் கடைக்காரருக்கு அது வியாபாரம் தான், அடுத்த வாரமே தொட்டில வேற வந்துடும். அந்த சாட், போட்டோ, நம்பர் எதையும் அழிக்காம அப்படியே வெச்சு வனத்துறை ரேஞ்ச் ஆபீஸ்ல குடுங்க, கோத்தகிரிலயே குடுக்கலாம், அவங்க கோயம்புத்தூருக்கு சொல்லிடுவாங்க. தனியா போக தயக்கமா இருந்தா எனக்கு உள்பெட்டில மெசேஜ் போடுங்க, வியாழக்கெழமை மதியத்துக்கு மேல நான் ஃப்ரீ, கூட வர்றேன்.